கன்டின்யூட்டி நோட்டின் பின்பக்கங்கள்

நவம்பர் 4, திங்கள்

இந்த நோட்டின் முன்பக்கம் கம்பெனிக்கு, பின்பக்கம் எனக்கு. முன்பக்கத்தில் சீன் நம்பர், ஷாட் நம்பர், ஹீரோயின் எந்தக் கையில் வளையல் போட்டிருந்தாள், டம்ளரில் தண்ணீர் எவ்வளவு மிச்சம் இருந்தது என்றெல்லாம் ஆங்கிலத்தில் எழுதுவேன். சினிமாவில் இந்த வேலைக்குக் கன்டின்யூட்டி என்று பெயர். கதையை வரிசையாகவா எடுக்கிறார்கள்? கிளைமாக்ஸை முதல் நாளும் முதல் சந்திப்பைக் கடைசி நாளும் எடுப்பார்கள். ஒட்டிப் பார்க்கும்போது சட்டைப் பட்டன் தானாகப் பூட்டித் திறக்காமல் இருக்க வேண்டும் என்றால், என்னைப் போல ஒருத்தி நாற்காலி போட்டு உட்கார்ந்து முறைத்துக்கொண்டே இருக்க வேண்டும். ஆறு வருடத்தில் என் பெயரில் ஒரு தப்புகூட இல்லை. தற்பெருமை என்று யாராவது சொன்னால் சொல்லிக்கொள்ளட்டும்.

என் பெயர் இசக்கியம்மாள். அப்பா அம்மா திருநெல்வேலிப் பக்கம், நான் பிறந்தது தாராவி. இந்திக்காரர்கள் வாயில் இசக்கி நுழையாது, அதனால் செட்டில் நான் இஷா. கல்யாணத்துக்குப் பிறகு கிடைத்த முதல் படம் இது. மட் ஐலண்டில் ஒரு பழைய பங்களாவை வாடகைக்கு எடுத்து மூன்று வாரத்தில் மொத்தப் படத்தையும் முடிக்கப்போகிறார்கள். 'ஹர் பல் நஸர்' என்று பெயர், ஒவ்வொரு நொடியும் கண் என்று அர்த்தம். டைரக்டர் தேவாங்க்குக்கு முதல் படம். மேக்கப் போடும் செல்லக்கனி அக்கா நம்ம ஊர்க்காரி, நாசரேத். அவள் அவரைத் தேவாங்கு என்றுதான் சொல்வாள்.

என் வீட்டுக்காரர் நயினார் சம்மதித்ததே பெரிய விஷயம். "ஊர்ல எவன் பொண்டாட்டிய சினிமாவுக்கு அனுப்புதான், சொல்லு பாப்பம்" என்றார். நியாயம்தானே. மணிக்கு ஒரு போட்டோ அனுப்ப வேண்டும், போனில் லைவ் லொகேஷன் அணையக் கூடாது, முழுக்கைச் சட்டை, எட்டு மணிக்குள் வீடு. அவர் கூரியர் கம்பெனியில் சூப்பர்வைசர். எந்தப் பார்சல் எங்கே போகிறது என்று நாள் முழுக்கப் பார்ப்பதுதான் வேலை, கூடவே என்னையும் பார்த்துக்கொள்கிறார். அக்கறை இல்லாதவன் எதற்குப் பார்க்கப் போகிறான்?

இந்த நோட்டைக் கனியக்காவின் மேக்கப் பெட்டியில் வைத்துவிட்டுப் போவேன். ரயிலில் பை கனமாக இருக்கிறது.

நவம்பர் 5, செவ்வாய்

பதினொரு போட்டோ அனுப்பினேன். ஒன்றில் லைட்பாய் ஒருவனின் முழங்கை விழுந்துவிட்டது. அது யார், ஏன் அவ்வளவு பக்கத்தில் நிற்கிறான் என்று சொல்லி முடிப்பதற்குள் டீ ஆறிவிட்டது.

நவம்பர் 6, புதன்

இன்று டைரக்டரிடம் வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டேன். இங்கே எல்லாரும் இந்திதான் பேசுகிறார்கள், நான் தமிழில் எழுதிக்கொள்கிறேன்.

கதை இதுதான். ரித்திமா நடிக்கும் பெண்ணை விவான் நடிக்கும் ஆள் காதலிக்கிறான். சும்மா காதல் இல்லை, உயிரைவிடும் காதல். எங்கே இருக்கிறாய், யாரோடு இருக்கிறாய் என்று கேட்டுக் கேட்டு, கடைசியில் அவளை வீட்டுக்குள் போட்டுப் பூட்டிவிடுகிறான். பதினாலாம் சீனில் அவள் தோழிகளோடு சாப்பிடும்போது போன் செய்து, சாப்பாட்டு மேஜையைப் போட்டோ எடுத்து அனுப்பச் சொல்கிறான். தட்டுகளை எண்ணுகிறான். மூன்று பேர் என்றாயே, தட்டு நாலு இருக்கிறதே என்கிறான்.

"இந்த இடத்துல தியேட்டரே மூச்சை அடக்கணும்" என்றார் தேவாங்க்.

"எதுக்கு சார்?"

"எதுக்கா? உனக்குப் பயமா இல்லையா?"

"தட்டை எண்றதுல என்ன சார் பயம்? அக்கறையா கேக்கறான். நாலாவது தட்டு யாருதுன்னு அவ சொல்லிட்டா முடிஞ்சுபோச்சு."

எல்லாரும் சிரித்தார்கள். ரித்திமா சிரிக்கவில்லை. தேவாங்க் என்னை உற்றுப் பார்த்துவிட்டு, "ஸ்கிரிப்ட் படிச்சதுல பயப்படாத ஒரே ஆள் நீதான் இஷா" என்றார். பாராட்டா திட்டா என்று தெரியவில்லை. த்ரில்லர் என்று சொல்லிவிட்டு வீட்டில் நடப்பதை எல்லாம் எழுதிவைத்தால் எனக்குக் கொட்டாவிதான் வரும். இருபத்தேழாம் சீனை மட்டும் நன்றாக எழுதியிருக்கிறார். முந்தின நாள் அவள் மேல்கையைப் பிடித்து இழுத்தவன் மறுநாள் உட்கார்ந்து மருந்து தடவுகிறான். "நீதான் என்னை இப்படிச் செய்ய வைக்கிறாய்" என்கிறான். அது சரியாக இருந்தது.

நவம்பர் 8, வெள்ளி

வேலை சூடுபிடித்துவிட்டது. கதையில் நாலாம் நாள் விவான் ரித்திமாவின் இடது மேல்கையைப் பிடித்து இழுக்கிறான். அங்கே கன்றிப்போகிறது. அதற்கப்புறம் வருகிற ஒன்பது சீனிலும் அந்தத் தடம் தெரிய வேண்டும், ஒவ்வொரு சீனிலும் அதற்கு வயது வேறு. நாங்கள் எடுக்கிற வரிசையில் ஆறு நாள் பழைய தடம் முதலில் வரும், ஒரு நாள் தடம் அடுத்த வாரம் வரும். கனியக்கா எல்லாவற்றுக்கும் ஒரே ஊதாவைத்தான் குழைத்துக்கொண்டிருந்தாள்.

"அக்கா, தள்ளுங்க" என்று ஒரு பேப்பரை எடுத்து எழுதிக் கொடுத்தேன். முதல் நாள் சிவப்பு, விரல் தனித்தனியாகத் தெரியும். இரண்டாம் நாள் கருநீலம், வீக்கமும் இருக்கும், விரல்கள் ஒன்றோடொன்று கலந்துவிடும். நாலாம் நாள் ஓரத்திலிருந்து பச்சை இறங்கும். ஆறாம் நாள் மஞ்சள், பூசிக் குளித்த மஞ்சள் சரியாகப் போகாத மாதிரி. பத்தாம் நாள் பார்க்கிறவர்களுக்கு ஒன்றும் தெரியாது, தொட்டால் மட்டும் தெரியும்.

தேவாங்க் படித்துவிட்டுக் கையைத் தட்டினார். "எந்தப் புத்தகத்துல படிச்சே?"

"நெட்ல சார்."

கனியக்கா பிரஷ்ஷைக் கழுவிக்கொண்டே இருந்தாள். சுத்தமான பிரஷ், எதற்குக் கழுவினாளோ.

நவம்பர் 9, சனி

எழுதிக்கொடுத்தால் போதாதாம், பார்த்துப் போடப் படம் வேண்டும் என்றாள் அக்கா. என் பென் டிரைவில் பழைய படங்கள் மூன்று இருந்தன. எதையும் போட்டோ எடுத்துத் தேதி போட்டு வைப்பது தொழில் பழக்கம். நெட்டில் எடுத்தது என்று சொல்லிக் கொடுத்தேன். யாருடைய கை என்பதா முக்கியம், நிறம் சரியாக இருக்கிறதா என்பதுதானே முக்கியம்.

நவம்பர் 11, திங்கள்

ஆறு வருடத்தில் முதல் தப்பு.

காலையில் முப்பத்து மூன்றாம் சீன், ஆறாம் நாள் தடம். அக்கா படத்தைப் பார்த்துப் பார்த்து அச்சு அசலாகப் போட்டிருந்தாள். ரித்திமாவே கண்ணாடியில் பார்த்து முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஐந்து ஷாட் முடிந்தது. மானிட்டரில் குளோசப் பார்த்த தேவாங்க் படத்தை நிறுத்தி, "இந்தக் கட்டம் என்ன?" என்றார்.

மஞ்சளுக்கு நடுவில் சின்னதாக ஒரு சதுரம், இன்னும் நீலமாகவே இருந்தது.

"மோதிரம் அழுந்தின தடம் சார்" என்று என் வாயிலிருந்து வந்துவிட்டது.

"விவான் மோதிரமே போடலையே."

ஆமாம், போடவில்லை. முதல் நாளிலிருந்து நான்தான் நோட்டில் எழுதிவருகிறேன், விவான், இரு கையும் வெறுங்கை என்று. விரலில் மோதிரம் இல்லாதவன் பிடித்த இடத்தில் மோதிரத் தடம் எப்படி வரும்? இதைவிடப் பெரிய கன்டின்யூட்டி தப்பு இருக்கிறதா? இப்போது மோதிரம் போட்டுவிடலாமா என்று உதவி டைரக்டர் கேட்டான். அதற்குள் அவன் கை தெரிகிற ஷாட் நாற்பது எடுத்தாகிவிட்டது. ஐந்து ஷாட்டையும் திரும்ப எடுத்தார்கள், அரை நாள் போய்விட்டது. தேவாங்க் திட்டக்கூட இல்லை, அதுதான் தாங்கவில்லை.

சதுரத்தை அழிக்கும்போது கனியக்கா குரலைத் தாழ்த்திக் கேட்டாள். "ஏட்டி, அந்தப் படம் எந்த நெட்டுல எடுத்தே?"

"ஏதோ ஆஸ்பத்திரிப் பக்கம்க்கா."

"ஆஸ்பத்திரிக்காரன் எதுக்கு டைல்ஸ் போட்ட பாத்ரூம்ல வச்சுப் படம் எடுக்கான்?"

எனக்குப் போன் வந்தது. இரண்டு மணிப் போட்டோ அனுப்ப மறந்திருந்தேன்.

நவம்பர் 12, செவ்வாய்

நேற்றைய இரண்டு மணிக்கு இன்று விளக்கம் கொடுத்தேன். ஏற்றுக்கொண்டார் என்றுதான் நினைக்கிறேன்.

நவம்பர் 14, வியாழன்

மதியம் சொல்லாமல் கொள்ளாமல் நயினார் செட்டுக்கு வந்துவிட்டார். இருபது பேருக்குப் பிரியாணி. கேட் வாட்ச்மேனுக்கும் ஒரு டப்பா. பங்களாவே அவரைத் தூக்கிவைத்துக் கொண்டாடியது. தேவாங்க்கிடம் கதை கேட்டார், விவானிடம் ஜிம் பற்றிக் கேட்டார், எல்லாரையும் பார்த்து அழகாகச் சிரித்தார். "இவ வீட்லயும் இப்படித்தான், தண்ணி டம்ளரக்கூட நகத்த விட மாட்டா" என்று இந்தியில் சொல்லி எல்லாரையும் சிரிக்கவைத்தார். ரித்திமா என் காதில், "உனக்குக் கொடுத்துவச்சிருக்கு" என்றாள். எனக்குப் பெருமையாக இருந்தது. பெருமையைப் பெருமை என்றுதானே எழுத வேண்டும்.

விவான் எழுந்து, "இஷா, நீ உட்காரு" என்று தன் நாற்காலியை என் பக்கம் தள்ளினான். நயினார் மென்றுகொண்டிருந்தது ஒரு கணம் நின்றது. பிறகு மறுபடி மென்றார். வேறு யாரும் கவனித்திருக்க மாட்டார்கள்.

கனியக்காவுக்கு அவரே கையால் டப்பாவை நீட்டினார். அக்கா டப்பாவைப் பார்க்காமல் விரலைப் பார்த்தாள். "மோதிரம் லட்சணமா இருக்கே தம்பி, சதுரமா" என்றாள்.

"மாமா போட்டது. கல்யாணத்துக்கு" என்றார்.

எல்லாரும் சாப்பிட்டு முடிக்கும்வரை அவள் டப்பாவைத் திறக்கவே இல்லை. அவர் போன பிறகு மேக்கப் ரூமுக்குள் என்னைக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"எம் மூஞ்சியப் பாத்துச் சொல்லு. அந்தப் போட்டோ யாரு கை?"

"அதான் சொன்னேம்லாக்கா, நெட்டுல எடுத்ததுன்னு."

"நெட்டுல உள்ளவளுக்கும் ஒங்கப்பாதான் மாப்பிள்ளைக்கு மோதிரம் போட்டாராக்கும்?"

நான் கதவுப் பக்கம் திரும்பினேன். "எம் மகளக் கட்டிக் குடுத்த பொறவு ஒரு ரூம்பு சும்மாத்தான் கெடக்கு. வாறியா?" என்றாள்.

எனக்கு வந்ததே கோபம். "புருசம் பொண்டாட்டின்னா ஆயிரம் இருக்கும். ஒங்க வேலயப் பாருங்கக்கா. எங்குடும்பத்துல மண்ண அள்ளிப் போடாதீங்க" என்று கத்திவிட்டேன். அக்கா திருப்பிக் கத்தவில்லை. அவள் பெட்டியிலிருந்து இந்த நோட்டை எடுத்து என் பையில் வைத்துக்கொண்டு விடுவிடுவென்று வெளியே வந்தேன். கேட் வரை போனேன். வீட்டுக்கு இதைக் கொண்டுபோக முடியாது என்று அங்கே போனதும்தான் உறைத்தது. திரும்பி வந்து மறுபடி அதே பெட்டியில் வைத்தேன். அக்கா பெட்டியைக் கொஞ்சம் நகர்த்தி இடம் கொடுத்தாள், அவ்வளவுதான்.

நவம்பர் 15, வெள்ளி

என்னை இஷா என்று யாரும் கூப்பிட வேண்டாம் என்று எல்லாரிடமும் சொன்னேன். நயினாருக்கு அது பிடிக்கவில்லை, முழுப் பெயரைச் சொல்லிப் பழகட்டும்.

நவம்பர் 16, சனி

நயினார் வேலையை விட்டுவிடச் சொல்கிறார். இன்னும் ஐந்து நாள்தான், பாதியில் விட்டால் இனி ஒருவரும் கூப்பிட மாட்டார்கள் என்று சொன்னேன். யோசித்துச் சொல்வதாகச் சொன்னார். அமைதியாகத்தான் சொன்னார். அவர் அமைதியாக இருக்கும்போது நான் பாத்திரங்களைக்கூடச் சத்தம் வராமல் வைப்பேன்.

நவம்பர் 19, செவ்வாய், காலை

நேற்று வேலைக்கு வரவில்லை. அலமாரிக் கதவு இடித்துவிட்டது. இன்று கெஞ்சிக் கூத்தாடி வந்திருக்கிறேன், நோட்டுகளை ஒப்படைத்துவிட்டு வந்துவிடு என்று அரை நாள் கொடுத்திருக்கிறார். ஆக, இதுதான் என் கடைசி நாள். எனக்கு இந்த வேலை பிடிக்கும். இதைத் தவிர வேறு எதுவும் எனக்கு இவ்வளவு பிடித்ததில்லை.

அதே நாள், மாலை

அன்டாப் ஹில்லில், கனியக்கா வீட்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். போனை அணைத்துவிட்டேன்.

நடந்ததை நடந்த வரிசையில் எழுதிவிடுகிறேன்.

பதினோரு மணிக்கு நோட்டை ஒப்படைக்கலாம் என்று தேவாங்க்கைத் தேடிப் போனேன். அவர் தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். ரித்திமாவின் தேதி நேற்றோடு முடிந்து அவள் வேறு படத்துக்குப் போய்விட்டாள். இருபத்தேழாம் சீனில் இடையில் ஒட்டுகிற ஒரு இன்சர்ட் ஷாட் மட்டும் பாக்கி. முகம் தெரியாது, இடது மேல்கையும் அதில் மருந்து தடவும் விவானின் விரல்களும் மட்டும்தான். சின்னப் படங்களில் இப்படி மிச்சம் விழுகிற ஷாட்டுக்கு யூனிட்டில் யாராவது கையைக் காலைக் கொடுப்பது வழக்கம். போன படத்தில் ஹீரோவின் பாதம் என்று எல்லாரும் பார்த்தது கேமரா உதவியாளனின் பாதம்.

தேவாங்க் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். "உன் நிறமும் ரித்திமா நிறமும் ஒண்ணுதான். உன் கையைக் கொடு."

"வேண்டாம் சார்."

"ஒரே நிமிஷம்."

"வேண்டாம் சார். கிளம்பணும்."

"எங்கையப் போடுங்க சார், நான் மேக்கப்ல சரிபண்ணிக்கிடுதேன்" என்று கனியக்கா தனக்குத் தெரிந்த இந்தியில் குறுக்கே வந்தாள். ஐம்பத்து நாலு வயதுக் கை. தேவாங்க் சிரித்துவிட்டார். பிறகு சிரிப்பை விட்டு என்னிடம் கைகூப்பினார். "இது இல்லாம சீனே நிக்காது. அன்னைக்கு உன்னால அரை நாள் போச்சு, நான் ஒரு வார்த்தை சொன்னேனா?"

அவர் சொன்னது உண்மை. அந்தக் கடன் என் பெயரில்தான் இருந்தது. உடை உதவியாளன் ரித்திமாவின் மேல்சட்டையை நீட்டினான். அதை என் தோளில் போர்த்திக்கொண்டு, லைட்டுக்குக் கீழே போய் உட்கார்ந்து, என் முழுக்கைச் சட்டையின் பட்டனைக் கழற்றினேன். இடது கையைத் தோள்வரை சுருட்டினேன்.

கேமராவை என் கைக்கு நேராகத் திருப்பினார்கள்.

முதலில் தேவாங்க்தான் பேசினார், மானிட்டரைப் பார்த்தபடி. "பிரமாதம் கனி! இவ்வளவு சீக்கிரம் எப்பப் போட்டே? வீக்கம்கூட வந்திருக்கு!"

"நான் இன்னும் பொட்டியே தொறக்கல சார்" என்றாள் கனியக்கா.

தேவாங்க் மானிட்டரை விட்டுத் திரும்பினார். விவான் விரலில் மருந்தோடு என் முன்னால் உட்கார்ந்திருந்தான். இரண்டு வாரமாகக் கண்ணை உருட்டி உருட்டி உலகத்தையே மிரட்டிய பையன், எழுந்து இரண்டடி பின்னால் போய்ச் சுவரில் சாய்ந்துகொண்டான். "லைட்டை அணைங்க, ஷாட் வேண்டாம்" என்றார் தேவாங்க்.

"எடுங்க சார்" என்றேன். "இருபத்தேழாம் சீன், இரண்டாம் நாள் தடம். இதுவும் இரண்டாம் நாள்தான். நேத்து முந்தினநாள் ராத்திரி என் வீட்டுக்காரர் பிடிச்சது. இந்தத் தடவை மோதிரம் அழுந்தல. பொருந்தும்."

அலமாரி என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். இருபது பேர் முன்னால் நிறம், வீக்கம், விரல் தடம் எல்லாம் வெளிச்சத்தில் இருக்கும்போது, அலமாரிக்கு ஐந்து விரல் இருக்கிறது என்று கன்டின்யூட்டிக்காரி நான் எப்படிச் சொல்வேன்?

எடுத்தார்கள். சுடுகிற தோசைக்கல்லைத் தொடுவதுபோலத் தொட்டான் விவான், பாவம். ஒரே டேக்கில் ஓகே ஆனது. நோட்டின் முன்பக்கத்தில், எப்போதும் எழுதுகிற மாதிரியே எழுதினேன். சீன் 27, இன்சர்ட், இடது மேல்கை, ஒப்பனை இல்லை.

அதற்குப் பிறகுதான் அழுதேன். அக்கா மேக்கப் ரூம் கதவைச் சாத்திவிட்டு வெளியே ஸ்டூல் போட்டு உட்கார்ந்துகொண்டாள்.

நவம்பர் 20, புதன்

போனைப் பத்து நிமிடம் போட்டேன். தவறிய அழைப்பு நூற்றுப் பதினான்கு. அம்மாவுடையதை மட்டும் எடுத்தேன்.

"மாப்ள இங்கதான் உக்காந்துருக்காவ. சோறு தண்ணி இல்லாம கெடக்காவ. ஒரு தடவ கை நீட்டிட்டாவ, அதுக்காவ வீட்ட விட்டு வருவாளாட்டி ஒருத்தி? ஊரு என்ன சொல்லும்?"

"அம்மா, ஒரு தடவ இல்ல..." என்று ஆரம்பித்தேன். பின்னால் அவர் இருமும் சத்தம் கேட்டது. வைத்துவிட்டேன்.

இன்று செட்டுக்குப் போனேன். போகிற வழியெல்லாம் திரும்பித் திரும்பிப் பார்த்தேன். தேவாங்க் வேறெதுவும் கேட்கவில்லை. பதினாலாம் சீனில் விவான் போனில் பேசுகிற பக்கத்தை மட்டும் திரும்ப எழுதியிருக்கிறேன், படித்துப் பார்க்கிறாயா என்று மட்டும் கேட்டார். படித்தேன். தட்டை எண்ணுகிற இடத்தில் எனக்கு உடம்பு சில்லிட்டது.

நவம்பர் 21, வியாழன்

கடைசி நாள் படப்பிடிப்பு. பத்தரை மணிக்கு நயினார் வந்தார், அம்மாவையும் கூட்டிக்கொண்டு. வாட்ச்மேன் தடுக்கவில்லை.

மூன்று நாள் தாடி, கசங்கிய சட்டை. யாரிடமும் சண்டை போடவில்லை, குரல் உயர்த்தவில்லை. நேராக என் நாற்காலிக்கு முன்னால் வந்து முழங்காலிட்டு, எல்லாரும் பார்க்க என் காலைப் பிடித்துக்கொண்டார்.

"எங்கம்மா செத்த அன்னைக்கு அழுதேன். அதுக்குப் பொறவு இன்னைக்குத்தான் அழுதேன், தங்கம்."

இடது புறங்கையால் வலது கண்ணைத் துடைத்தார். தரையைப் பார்த்தபடி கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு நிமிர்ந்து, "நீயும் போயிட்டேன்னா எனக்கு யாரு இருக்கா?" என்றார்.

தமிழ் தெரியாதவர்களுக்குக்கூட அது புரிந்தது. லைட்பாய் ஒருவன் மூக்கை உறிஞ்சினான். அம்மா முந்தானையை வாயில் வைத்து விம்மினாள். எனக்கும் மனது கரைந்தது, பொய் சொல்ல மாட்டேன். இந்த மனிதனை எனக்குப் பிடிக்கும். இந்தத் தலைமுடியைக் கோதிவிட எனக்குப் பிடிக்கும். தொட்டு எழுப்பலாம் என்று குனிந்தேன்.

குனிந்த இடத்தில் நின்றுவிட்டேன். இந்தக் கோணத்தில் இந்தத் தலையை இதே மாதிரி பார்த்திருக்கிறேன். இதுவரை எந்தப் பக்கத்திலும் எழுதாததை எழுதுகிறேன். மார்ச் பன்னிரண்டு, சமையலறையில், உதடு கிழிந்த மறுநாள். ஆடி பிறந்த பத்தாம் நாள், படுக்கையறையில், கையைத் தூக்க முடியாமல் இருந்தபோது. அப்போதும் அம்மா செத்த அன்றைக்குப் பிறகு இன்றைக்குத்தான் அழுதார். அப்போதும் இடது புறங்கை, வலது கண். அப்போதும் தரையைப் பார்த்த அந்த மௌனம், அதே நீளம். பிறகு யாரு இருக்கா. வேறு ஒருத்தி என்றால் அழுகிற சத்தத்தில் மறந்துபோயிருப்பாள். ஒரு டேக்கும் இன்னொரு டேக்கும் பொருந்துகிறதா என்று பார்த்துத்தான் நான் சோறு சாப்பிடுகிறேன். ஒரு சொல் மாறவில்லை, ஒரு விரல் மாறவில்லை.

"எந்திரிங்க" என்றேன். "இதையேதான் மார்ச்சுலயும் சொன்னீய. ஆடியிலயும் இதையேதான் சொன்னீய. கைகூட மாறல."

அவர் நிமிர்ந்து பார்த்தார். கண்ணில் ஈரம் அப்படியே இருந்தது, பார்வை மட்டும் மாறிவிட்டது. எனக்கு மட்டும் கேட்கிற குரலில், "வீட்டுக்கு வாட்டி, பேசிக்கிடுவோம்" என்றார். என் கணுக்காலைப் பிடித்திருந்த கை இறுகியது.

எனக்குப் பயமாக இருந்தது. இதை இத்தனை மாதமும் நான் எழுதவே இல்லை. அவரைக் கண்டால் எனக்குப் பயம். காலை உதறி விடுவித்துக்கொண்டு நாற்காலிக்குப் பின்னால் போய் நின்றேன்.

"நான் வரல்ல. அம்மா, நீ வேணும்னா அவிய கூடப் போ."

அம்மா விம்மலை நிறுத்தியிருந்தாள். வாயிலிருந்த முந்தானையை எடுத்தாள்.

"மூணு தடவையாட்டி?" என்றாள்.

"ஆமாம்மா."

"எங்கிட்ட ஒரு தடவன்னுல்லா சொன்னாவ."

நயினார் எழுந்து அம்மாவின் தோளைத் தொட்டு, "அத்தை, இவ கோவத்துல பேசுதா" என்றார். அம்மா தோளை விலக்கிக்கொண்டாள். தாராவியில் முப்பது வருடம் இட்லி விற்று என்னை வளர்த்தவள். ஒரு போலீஸ்காரனிடம்கூட எதிர்த்துப் பேசாதவள். அவள் என் பக்கம் நடந்து வந்து, எனக்கும் அவருக்கும் நடுவில் நின்றாள்.

"நீங்க கெளம்புங்க மாப்ள" என்றாள்.

தேவாங்க்கும் விவானும் கனியக்காவும் ஒவ்வொருவராக வந்து அம்மாவுக்குப் பக்கத்தில் நின்றார்கள். அவர் எல்லாரையும் ஒருமுறை பார்த்துவிட்டுப் போனார். கேட் மூடுகிற சத்தம் கேட்கும்வரை நான் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டுதான் நின்றேன்.

மிச்சமிருந்த நாலு ஷாட்டையும் முடித்தோம். அம்மா என் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, நான் எழுதுவதையே பார்த்துக்கொண்டிருந்தாள். சாயங்காலம் அவளும் கனியக்காவும் நானும் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனோம். பெண் போலீஸ் ஒருத்தி பேனாவை எடுத்துக்கொண்டு, இப்படி வருகிறவர்களுக்குத் தேதி ஞாபகம் இருப்பதில்லை, தெரிந்தவரை சொல் என்றாள்.

மூன்று தேதியையும் சொன்னேன்.